யாருடைய மாணவி?

டச்சு ஓவியர் யூடித் லெய்ஸ்டரைப் பற்றி எங்கே படிக்கத் தொடங்கினாலும் இரண்டாவது வாக்கியத்திலேயே ஃப்ரான்ஸ் ஹால்ஸ் வந்துவிடுகிறார். ஹால்ஸின் மாணவி, ஹால்ஸிடம் பயின்றிருக்கக் கூடியவர், ஹால்ஸ் பாணியில் வரைந்தவர். பல வருடங்களாக எனக்கு இது உறுத்தவே இல்லை. பதினேழாம் நூற்றாண்டு ஹாலந்தில் ஓவியராக வேண்டுமென்றால் யாராவது ஒருவருடைய பட்டறையில் சேர்ந்துதான் தீர வேண்டும். ஹார்லெம் நகரத்தில் அப்போது ஹால்ஸைவிடப் பெரிய கை கிடையாது. அப்படியானால் சரியாகத்தான் இருக்கும் என்று விட்டுவிட்டேன். பிறகு ஒரு நாள், ஓவியம் முறையாகப் படித்த நண்பர் ஒருவரிடம் லெய்ஸ்டர் 1629இல் வரைந்த குடிகாரன் படத்தைக் காட்டினேன். காலிக் குவளையைச் சாய்த்துப் பிடித்துக்கொண்டு, கன்னம் சிவக்க நம்மைப் பார்த்துச் சிரிக்கும் அந்த மனிதனைப் பார்த்ததும் நண்பர் சொன்னார்: "இது அப்படியே ஹால்ஸ். குரு யாருன்னு படமே சொல்லுதே." அந்த வார்த்தையை என்னால் தள்ளவும் முடியவில்லை, ஏற்கவும் முடியவில்லை. ஒரு படம் இன்னொருவர் படத்தைப் போல இருப்பது ஒரு விஷயம். அவரிடம் கற்றுக்கொண்டது என்பது வேறு விஷயம். இரண்டும் ஒன்றுதானா?

அதனால் லெய்ஸ்டரின் வாழ்க்கையில் உண்மையில் எழுத்தில் பதிவாகியிருப்பது என்ன என்று தேட ஆரம்பித்தேன். அதிகம் இல்லை. ஒரு தேவாலயப் பதிவு, ஒரு கவிதை, ஒரு சங்கத்தின் ஏடு, ஒரு வழக்கு, சில கடன் பத்திரங்கள். ஆனால் இருக்கிற கொஞ்சத்தை வரிசையாக அடுக்கிப் பார்த்தபோது, எல்லோரும் கேட்கிற கேள்வியே தப்பான இடத்திலிருந்து கேட்கப்படுகிறது என்று எனக்குத் தோன்றியது.

அவருக்கு ஞானஸ்நானம் கொடுத்தது 1609 ஜூலை 28, ஹார்லெமில். பெற்றோருக்கு எட்டாவது குழந்தை. அப்பா யான் வில்லெம்ஸ் துணி நெசவுத் தொழிலில் இருந்தவர். 1618 வாக்கில் அதை விட்டுவிட்டு ஒரு பீர் வடிசாலையை வாங்கினார். அந்த வடிசாலையின் பெயர்தான் லெய்ஸ்டர், வழிகாட்டும் நட்சத்திரம் என்று பொருள். அதையே குடும்பப் பெயராகவும் எடுத்துக்கொண்டார். ஹார்லெமில் அப்போது பீர் என்பது பெரும்பணம் புரளும் தொழில். நகர மன்றத்தில் உட்கார்ந்திருந்தவர்களில் பலர் வடிசாலை முதலாளிகள். ஆனால் யான் வில்லெம்ஸுக்கு அது கைகொடுக்கவில்லை. 1624, 25 வாக்கில் திவாலாகிவிட்டார். யூடித்துக்கு அப்போது பதினைந்து வயது. 1628இல் குடும்பம் ஊரைவிட்டு உட்ரெக்ட் பக்கத்தில் இருக்கும் ஃப்ரேலாந்துக்குப் போனது, அடுத்த வருடம் அங்கிருந்து சான்டாமுக்கு.

பெயரையே கடையிலிருந்து எடுத்துக்கொண்ட ஒரு குடும்பம், கடை போன பிறகு அந்தப் பெயரோடு வாழ்வதை யோசித்துப் பார்க்கிறேன். அண்ணன் தம்பிகள் அக்கா தங்கைகள் அந்தப் பெயரை என்ன செய்தார்களோ. யூடித் அதைத் தன் கையெழுத்தாக மாற்றிக்கொண்டார். ஜே, எல் என்ற இரண்டு எழுத்துகளைப் பின்னி, பக்கத்தில் ஒரு சிறிய நட்சத்திரத்தை இழுத்துவிடுவார். தொலைந்துபோன வடிசாலையின் அடையாளம் கித்தானின் மூலையில் வந்து உட்கார்ந்தது. அதைப் பின்னால் பேசுகிறேன், ஏனென்றால் அவரை மீட்டதே அந்த நட்சத்திரம்தான்.

பட்டறை என்றால் என்ன

ஓவியம் கற்பது அன்று தச்சு வேலையோ பொற்கொல்லர் வேலையோ கற்பது மாதிரிதான். பதின்ம வயதில் ஒரு ஆசானிடம் சேர்த்துவிடுவார்கள். வீட்டார் வருடத்துக்கு இவ்வளவு என்று பணம் கட்ட வேண்டும். பின்னாளில் ரெம்ப்ராண்ட் ஒரு மாணவனுக்கு வருடம் 100 கில்டர் (அன்றைய டச்சு நாணயம்) வாங்கினார் என்று அவரை அறிந்தவர் எழுதி வைத்திருக்கிறார். சேர்ந்தவுடன் தூரிகையைக் கொடுத்துவிட மாட்டார்கள். நிறமிகளைக் கல்லில் அரைத்து ஆளிவிதை எண்ணெயில் குழைப்பது, கித்தானை இழுத்துக் கட்டி அடிப்பூச்சு பூசுவது, ஆசானின் தட்டைத் துடைத்து வைப்பது. ஊடே அச்சுப் படங்களைப் பார்த்து வரைந்து கை பழக வேண்டும், அப்புறம் சுண்ணாம்பு வார்ப்புச் சிலைகளை, அப்புறம் உயிருள்ள மனிதரை. அதன் பிறகு ஆசானின் படத்தை அப்படியே நகலெடுப்பது. கடைசிக் கட்டத்தில் ஆசானின் படத்திலேயே ஒரு சட்டைக் கையையோ பின்புறத்தையோ முடித்துக் கொடுப்பது. இப்படிச் செய்தவை எல்லாம் ஆசானின் சொத்து. அவர் பெயரில்தான் விற்பனையாகும். மாணவன் தன் பெயரைப் போட்டுக்கொள்ள முடியாது. ஆசானின் கையைப் போலவே வரைவதுதான் மாணவனின் வேலை என்பதை மனதில் வைத்துக்கொண்டால்தான் பிறகு நடந்ததன் கனம் புரியும்.

இந்த ஏற்பாட்டில் பெண் பிள்ளைகள் நுழைய ஒரே வழி அநேகமாக அப்பாவின் பட்டறை. வேற்று மனிதர் வீட்டில் ஒரு பெண்ணைப் பல வருடம் விட்டுவைக்க எத்தனை குடும்பங்கள் துணியும்? யூடித்தின் அப்பா ஓவியர் இல்லை. பட்டறைக்குக் கட்டப் பணம் இருந்த குடும்பமும் இல்லை. அவர் ஓவியரானது எனக்கு இதனால்தான் இவ்வளவு பெரிய விஷயமாகத் தெரிகிறது. யாரிடம் கற்றார் என்பதற்கு இருக்கிற மிகப் பழைய தடயம் 1628இல் வருகிறது. சாமுவேல் ஆம்ப்சிங் என்ற பாதிரியார் ஹார்லெம் நகரத்தைப் புகழ்ந்து நீண்ட செய்யுள் ஒன்றை வெளியிட்டார். அதில் ஊரின் ஓவியர்களை வரிசையாகச் சொல்லிக்கொண்டு வரும்போது ஃப்ரான்ஸ் பீட்டர்ஸ் டி க்ரெப்பர் என்பவரையும் அவருடைய மகள் மரியாவையும் பாராட்டுகிறார். அந்த இடத்தை ஒட்டியே யூடித் லெய்ஸ்டரும் வருகிறார். அப்போது அவருக்குப் பத்தொன்பது வயதுகூட நிறைந்திருக்காது. ஒரு நகரத்தின் புகழ்ப்பாடலில் இடம் பிடிக்கிற அளவுக்கு அதற்குள் வரைந்திருக்கிறார்.

டி க்ரெப்பரின் பட்டறை சாதாரணமானதில்லை. தேவாலயங்களின் உட்புறத்தை வெள்ளை வெளிச்சத்தோடு வரைந்து பெயர் பெற்ற பீட்டர் சான்ரெடாம் அங்கேதான் பத்து வருடம் பயின்றார். டி க்ரெப்பரின் மகன் பீட்டரும் ஓவியர், மகள் மரியாவும் ஓவியர். ஏற்கெனவே ஒரு பெண் தூரிகை பிடிக்கிற வீடு. ஒரு வடிசாலைக்காரர் தன் மகளை அனுப்பத் துணியக்கூடிய இடம் இப்படித்தான் இருந்திருக்கும் என்று நான் நினைக்கிறேன். இதற்கும் பதிவேடு சாட்சி கிடையாது, கவிதையில் பக்கத்துப் பக்கத்தில் வருவதுதான் ஆதாரம். ஆனாலும் ஹால்ஸிடம் பயின்றதற்கு அந்த அளவு ஆதாரம்கூட இல்லை. 1631 நவம்பரில் ஹால்ஸின் மகள் மரியாவின் ஞானஸ்நானத்துக்குச் சாட்சியாக நின்ற யூடித் என்ற பெண் இவர்தான் என்று பொதுவாகக் கொள்கிறார்கள். அப்படியே வைத்துக்கொண்டாலும் அது நெருக்கத்துக்குச் சாட்சி, படிப்புக்கு இல்லை.

சரி, படங்கள் என்ன சொல்கின்றன? குடிகாரன் படத்தில் ஹால்ஸ் இருக்கிறார், நண்பர் சொன்னது அந்த அளவில் உண்மை. வேகமான தீற்றல், பல் தெரியும் சிரிப்பு, பிரேமுக்கு வெளியே இருக்கிறவரோடு பேசுகிற பார்வை. ஆனால் அதே 1629இல் அவர் வரைந்த இன்னொரு படம் ஆம்ஸ்டர்டாம் ரைக்ஸ் மியூசியத்தில் இருக்கிறது: லூட் என்ற நரம்பு வாத்தியத்தை மீட்டிப் பாடும் இளைஞன், கீழேயிருந்து அடிக்கிற வெளிச்சம், பின்னால் இருட்டு. இது ஹால்ஸ் இல்லை. ஓவியர் கராவாஜியோவின் இருட்டையும் விளக்கொளியையும் இத்தாலியிலிருந்து கொண்டுவந்த உட்ரெக்ட் ஓவியர்களின் வாசனை இதில் இருக்கிறது. குடும்பம் முந்தின வருடம்தான் உட்ரெக்ட் பக்கத்தில் இருந்தது. பிலடெல்ஃபியாவில் உள்ள 'கடைசிச் சொட்டு' படத்தில் இரண்டு பேர் ராத்திரி முழுக்கக் குடித்து முடிக்கிறார்கள், அவர்களுக்கு நடுவில் ஒரு எலும்புக்கூடு மணல் கடிகாரத்தோடு மெழுகுவத்தி பிடித்துக்கொண்டு நிற்கிறது. யாரோ ஒரு காலத்தில் அந்த எலும்புக்கூட்டைப் பூசி மறைத்திருந்தார்கள். மேல்பூச்சை நீக்கியபோது அது 1993இல் திரும்பி வந்தது. ஹால்ஸ் இந்த மாதிரி இரவை வரைந்தவர் இல்லை.

ஹேக் நகரில் மவுரிட்ஸ்ஹாஸ் அருங்காட்சியகத்தில் இருக்கும் 1631ஆம் வருடத்துப் படம் ஒன்றைப் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. ஓரடி உயரம்தான் இருக்கும். ஒரு பெண் விளக்கடியில் உட்கார்ந்து தைத்துக்கொண்டிருக்கிறாள். ரோமத் தொப்பி போட்ட ஒருவன் அவள் தோளில் கை வைத்துக் குனிந்து, இன்னொரு கையில் நாணயங்களை நீட்டுகிறான். அவள் நிமிர்ந்துகூடப் பார்ப்பதில்லை. ஊசியைவிட்டுக் கண் எடுக்கவில்லை. அந்தக் காலத்து ஹாலந்து ஓவியங்களில் இந்த விஷயம் ஏராளமாக வரும். பெரும்பாலும் அந்தப் பெண்ணும் சிரித்துக்கொண்டு கை நீட்டுகிற மாதிரிதான் இருக்கும். இங்கே அவள் பதில் சொல்லாமல் இருப்பதுதான் படமே. அவள் மேல் விழுகிற வெளிச்சம் முழுக்க அவள் செய்கிற வேலைக்காக விழுகிறது. எந்த ஆசான் இதைச் சொல்லிக்கொடுத்திருக்க முடியும்?

1635

1633இல் ஹார்லெமின் புனித லூக்கா சங்கத்தில் யூடித் லெய்ஸ்டர் உறுப்பினரானார். நகரத்தில் ஓவியத் தொழிலைக் கட்டுப்படுத்தியது இந்தச் சங்கம்தான். இதில் பெயர் இருந்தால்தான் சொந்தப் பட்டறை வைக்கலாம், தன் பெயரில் விற்கலாம், மாணவர்களைச் சேர்த்துக்கொள்ளலாம். அதற்கு முன் அங்கே உறுப்பினரான பெண் சாரா வான் பால்பெர்கன், 1631இல். அவர் வரைந்தது என்று சொல்ல இன்று ஒரு படம்கூட இல்லை. சங்கத்துக்காகவே வரைந்ததோ என்று பலரும் ஊகிக்கிற தன்னுருவ ஓவியம் ஒன்று லெய்ஸ்டருடையது வாஷிங்டன் தேசிய ஓவியக்கூடத்தில் இருக்கிறது. நாற்காலியில் திரும்பி உட்கார்ந்து, முழங்கையை அதன் முதுகில் சாய்த்து, ஏதோ சொல்ல வாயைத் திறந்தபடி நம்மைப் பார்க்கிறார். ஒரு கையில் வண்ணத்தட்டும் கொத்தாகத் தூரிகைகளும். உடுத்தியிருப்பது யாரும் வண்ணம் குழைக்கும்போது போட்டுக்கொள்ளாத விறைப்பான பெரிய சரிகைக் கழுத்துப்பட்டை. பக்கத்தில் ஸ்டாண்டில் இருக்கும் படத்தில் ஒரு ஃபிடில்காரன் சிரிக்கிறான். அகச்சிவப்புக் கதிரில் பார்த்தபோது அந்த ஃபிடில்காரனுக்கு அடியில் முதலில் ஒரு பெண்ணின் முகம் இருந்தது தெரிந்தது, அநேகமாக அவருடையதே. அதை அழித்துவிட்டு, தான் விற்பனைக்கு வரைகிற வகைப் படத்தை அங்கே வைத்திருக்கிறார். என்னால் உருவப்படமும் முடியும், இதுவும் முடியும் என்று ஒரே கித்தானில் சொல்லிவிட்டார்.

இனி அந்த வழக்கு. 1635இல் அவரிடம் மூன்று மாணவர்கள் இருந்ததாகப் பதிவு. அதில் ஒருவன் வில்லெம் வௌதர்ஸ். சேர்ந்த சில நாட்களிலேயே அந்தப் பையன் லெய்ஸ்டரின் பட்டறையை விட்டுவிட்டு ஹால்ஸின் பட்டறைக்குப் போய்விட்டான். ஹால்ஸ் அவனை வைத்துக்கொண்டார். சங்கத்தின் அனுமதி இல்லாமல் அப்படிச் செய்வது விதிக்கு முரண். லெய்ஸ்டர் சங்கத்திடம் போனார். பையனின் அம்மாவிடமிருந்து தனக்கு 8 கில்டர் வர வேண்டும் என்று கேட்டார். கிடைத்தது பாதி, 4 கில்டர். ஹால்ஸ் பையனைத் திருப்பி அனுப்பாமல் 3 கில்டர் அபராதத்தைக் கட்டிவிட்டு விஷயத்தை முடித்துக்கொண்டார். மாணவனைச் சங்கத்தில் பதிவு செய்யாமல் விட்டதற்காக லெய்ஸ்டருக்கும் ஓர் அபராதம் விழுந்தது.

இந்த இடத்தில்தான் என் எண்ணம் திரும்பியது. ஹால்ஸுக்கு அப்போது ஐம்பதைத் தாண்டிய வயது, கால் நூற்றாண்டாகச் சங்கத்தில் இருப்பவர், நகரக் காவல் படைகளின் பெரிய குழுப் படங்களை வரைந்தவர். லெய்ஸ்டருக்கு இருபத்தாறு. நாலு வருடம் முன்புதான் அந்த வீட்டுக் குழந்தைக்குச் சாட்சி நின்றவர். ஹால்ஸ்மேல் புகார் கொடுப்பது ஒரே ஊரில், ஒரே சங்கத்தில், ஒரே வாடிக்கையாளர்களை நம்பிப் பிழைக்கும் ஒருவருக்கு எளிதான காரியமா? முழுப் பணமும் கிடைக்கவில்லை, பையனும் திரும்பி வரவில்லை, அபராதம் வேறு. வெற்றி என்று சொல்ல முடியாது. ஆனால் அவர் கேட்டது உதவி இல்லை. ஓர் ஆசானுக்கு உரிய கட்டணத்தைக் கேட்டார், சங்கமும் அவரை ஓர் ஆசானாகவே வைத்து விசாரித்தது. ஹால்ஸுக்கும் அவருக்கும் நடுவே என்ன உறவு என்பதற்கு நம்மிடம் இருக்கும் மிக உறுதியான ஆவணம் இதுதான். இதில் இருவரும் சம அந்தஸ்தில் நிற்கிறார்கள், ஒரு மாணவனைக் குறித்து.

லெய்ஸ்டர் யாரிடம் கற்றார் என்று சொல்ல ஒரு பதிவும் இல்லை. லெய்ஸ்டரிடம் யார் கற்றார்கள் என்பதற்குப் பெயரோடு பதிவு இருக்கிறது. அப்படியிருந்தும் மாணவி என்ற சொல்தான் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. வில்லெமின் பெயரை இன்று நாம் சொல்லிக்கொண்டிருப்பதே அவர் கொடுத்த புகாரால்தான்.

நட்சத்திரம்

அடுத்த வருடம், 1636 ஜூன் மாதம், ஹேம்ஸ்டேடேயில் ஓவியர் யான் மீன்சே மோலெனாரைத் திருமணம் செய்துகொண்டார். இருவரும் ஆம்ஸ்டர்டாம் போனார்கள், சுமார் பதினோரு வருடம் அங்கே. அப்புறம் ஹேம்ஸ்டேடே. ஐந்து குழந்தைகள், இரண்டுதான் வளர்ந்து ஆளானது. கணவர் கடன், வழக்கு என்று அலைந்தவர். லெய்ஸ்டரின் தேதியிட்ட படங்களில் பெரும்பாலானவை 1629க்கும் 1635க்கும் இடைப்பட்டவை என்பதால், கல்யாணத்தோடு தூரிகையைக் கீழே வைத்துவிட்டார் என்று ஒரு கதை பரவியிருக்கிறது. அதை நான் முழுதாக ஏற்பதில்லை. 1643இல் அவர் வரைந்த துலிப் மலர் ஒன்று ஹார்லெமில் இருக்கிறது, ஒற்றை மலர், இதழில் ஓடும் சிவப்புக் கோடு ஒவ்வொன்றும் எண்ணி வரைந்த மாதிரி. 1650களிலும் தேதியிட்ட படங்கள் கிடைத்திருக்கின்றன. குறைந்துவிட்டது உண்மை. ஒரு வீட்டில் இரண்டு ஓவியர், ஒரே பட்டறை, வெளியே போகிற பெயர் கணவருடையது என்றால், அவர் கைபட்டது எவ்வளவு எந்தப் பெயரில் போயிருக்கும் என்று பட்டறைகள் நடந்த விதத்தை அறிந்தவர்கள் கேட்கத்தான் வேண்டும்.

1660 பிப்ரவரியில் ஐம்பது வயதில் இறந்தார். கணவர் 1668இல் இறந்தபோது வீட்டிலிருந்த சாமான்களைப் பட்டியல் எடுத்தார்கள். அதில் சில ஓவியங்களுக்கு எதிரே இறந்தவரின் மனைவி வரைந்தது என்ற பொருளில் எழுதியிருக்கிறது. பெயர் இல்லை. எட்டே வருடம்தான் ஆகியிருந்தது. சங்கத்தில் ஆசானாகப் பதிவானவர், நகரத்தின் கவிதையில் இடம்பெற்றவர், சொந்த வீட்டுப் பட்டியலிலேயே மனைவியாக மட்டும் மிஞ்சினார். அதன் பிறகு இருநூறு வருடத்துக்கும் மேல் அவர் படங்கள் வேறு பெயர்களில் கைமாறின. சில கணவருடைய பெயரில், நிறைய ஹால்ஸ் பெயரில். தன்னுருவ ஓவியமும் நெடுங்காலம் ஹால்ஸ் வரைந்ததாகவே இருந்தது. அந்த முகத்தைப் பார்த்து, இந்தப் பெண் கையில் தூரிகை ஏன் இருக்கிறது என்று கேட்க அவ்வளவு காலம் பிடித்திருக்கிறது.

லண்டன் ஓவிய வணிகர்களுக்குள் ஒரு தகராறு வந்தபோதுதான் இது உடைந்தது. ஹால்ஸ் என்று 4,500 பவுண்டுக்குக் கைமாறிய ஒரு படத்தில் பின்னிய எழுத்துகளும் நட்சத்திரமும் தென்பட்டன. விஷயம் நீதிமன்றம் போய் 1893இல், விலையைக் குறைத்துக்கொண்டு சமரசமாக முடிந்தது. படத்தில் ஒரு தீற்றல்கூட மாறவில்லை. நேற்றுவரை ஹால்ஸின் உச்சம் என்று பார்த்த கண்கள்தான் அதே படத்தை விலை குறைந்ததாகப் பார்த்தன. அதே வருடம் கலை வரலாற்று அறிஞர் கார்னெலிஸ் ஹாஃப்ஸ்டேடே டி க்ரூட் அந்த நட்சத்திரத்தைப் பிடித்துக்கொண்டு தேடி, ஏழு படங்கள் லெய்ஸ்டருடையவை என்று எழுதினார்.

எல்லோருக்கும் ஏன் அவர் ஹால்ஸின் மாணவியாகவே தெரிகிறார் என்பதற்கு எனக்குக் கிடைத்த பதில் இந்த 1893தான். லெய்ஸ்டரை ஹார்லெமின் ஏடுகளிலிருந்து கண்டெடுக்கவில்லை, ஹால்ஸின் படக் குவியலுக்குள்ளிருந்து பிரித்தெடுத்தார்கள். அதனால் முதலில் மீட்கப்பட்டவை ஹால்ஸைப் போல இருந்த படங்கள். அவற்றை வைத்தே அவர் யார் என்று தீர்மானமானது. விளக்கொளிப் படங்கள், தையல்காரப் பெண், துலிப் மலர் எல்லாம் அதற்கு ஒட்டாத உபரிகளாகிவிட்டன. ஹால்ஸிடமிருந்து அவர் எடுத்துக்கொண்டார் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஒரே ஊரில் அப்படி ஒரு கை வேலை செய்யும்போது எடுக்காமல் இருந்திருந்தால்தான் ஆச்சரியம். உட்ரெக்டிலிருந்தும் எடுத்தார், கணவரோடு கொடுத்து வாங்கினார், டி க்ரெப்பர் வீட்டில் அடிப்படை பழகியிருக்கலாம். இதில் ஒருவரை மட்டும் குருவாக்க, வரைந்த படங்கள் இடம் தரவில்லை. அருங்காட்சியகக் குறிப்புகளை எழுதுகிறவர்கள் முதல் வரியில் 1635ஐ வைக்கட்டும்: ஹார்லெமில் மூன்று மாணவர்களுக்கு ஆசானாக இருந்தவர், தன் மாணவனை எடுத்துக்கொண்டதற்காக ஃப்ரான்ஸ் ஹால்ஸைச் சங்கத்தின் முன் நிறுத்தியவர். ஹால்ஸ் பெயரும் அதில் வந்துவிடுகிறது.